ஆட்டத்தின் மேல் ஒரு தாள்



காலை நடைப்பயிற்சிக்குக் கூட வரும் ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் ஒருவர் போன வாரம் என்னைப் பார்த்து, "என்ன சார், வீட்டுல கம்ப்யூட்டர் கேம் ஆடுறீங்களாமே?" என்று கேட்டார். எழுபத்தைந்து வயதில் இப்படி ஒரு கேள்வி வரும் என்று நான் நினைத்ததே இல்லை. "ஆமாம் சார், ஆடுறேன்" என்றேன். அவர் சிரித்துவிட்டு, "அதைப் பத்தியும் எழுதுங்க" என்றார். எழுதுகிறேன். ஆனால் ஆட்டத்தைப் பற்றி அல்ல. ஆட்டத்தின் மேல் விரிகிற ஒரு திரையைப் பற்றி. அதில் எனக்கு ஒரு பாடம் கிடைத்தது. கொஞ்சம் வலித்த பாடம்தான்.

எங்கள் வீட்டில் நான், என் மனைவி, மருமகள், பேரன் என நான்கு பேர். மகன் சிங்கப்பூரில் வேலை பார்க்கிறான். பேரன் பிளஸ் ஒன் சேர்ந்தபோது அவன் அப்பா ஒரு கம்ப்யூட்டர் வாங்கிக் கொடுத்தான். படிப்புக்கு என்றுதான் சொன்னார்கள். பெட்டி வந்து இறங்கியபோது அதற்குள் கிராபிக்ஸ் கார்டு என்று ஓர் அட்டை இருப்பதாகவும், அதற்கே தனி விலை என்றும் தெரிந்தது. என்விடியா நிறுவனத்தின் ஜி.டி.எக்ஸ். 1650 என்று பேரன் பெருமையாகச் சொன்னான். 2019-இல் வந்த அட்டை அது. "பாடப் புத்தகம் படிக்க இது எதுக்குடா?" என்று கேட்டேன். பதில் வரவில்லை. நானும் விட்டுவிட்டேன்.

அந்த அட்டையின் வேலை என்ன என்பது எனக்குப் பிறகுதான் புரிந்தது. கம்ப்யூட்டருக்குள் எல்லா வேலைக்கும் பொதுவாக ஒரு மூளை இருக்கிறது. ஆனால் ஆட்டத்தில் வரும் மைதானம், ஆள், நிழல், புழுதி எல்லாவற்றையும் நொடிக்கு நொடி வரைந்துகொண்டே இருப்பது அதற்குப் பெரிய சுமை. ஆகவே வரைவதற்கென்றே தனியாக ஓர் ஆளை நியமித்திருக்கிறார்கள். நம் தாலுகா அலுவலகத்தில் தாசில்தார் இருந்தாலும் படம் வரைய டிராப்ட்ஸ்மேன் தனியாக இருந்தாரே, அதுபோல.

நாம் பார்த்த சினிமாவில் ஒரு நொடிக்கு 24 படங்கள் ஓடின. அதுவே நம் கண்ணுக்கு அசைவாகத் தெரிந்தது. கம்ப்யூட்டர் ஆட்டத்துக்கு அது போதாது. நாம் ஒரு பொத்தானை அமுக்கியதும் திரையில் அதன் விளைவு தெரிய வேண்டும் அல்லவா? அதனால் நொடிக்கு 60 படமாவது வேண்டும் என்று பிள்ளைகள் எதிர்பார்க்கிறார்கள். அப்படியானால் ஒரு படத்தை வரைய அந்த அட்டைக்குக் கிடைக்கும் நேரம் ஒரு நொடியில் 60-இல் ஒரு பங்குதான். இந்தக் கணக்கைத்தான் எஃப்.பி.எஸ். என்கிறார்கள். பேரன் சாப்பாட்டு நேரத்தில்கூட அதையே பேசுவான். "இன்னைக்கு எஃப்.பி.எஸ். டிராப் ஆகுதும்மா" என்பான். என் மனைவி அது ஏதோ காய்ச்சல் என்று நினைத்து, கஷாயம் போட்டுத் தரட்டுமா என்று கேட்டாள்.

ஒருநாள் மாலை அவன் கிரிக்கெட் ஆடிக்கொண்டிருந்தபோது பின்னால் நின்று பார்த்தேன். கிரிக்கெட் 24 என்ற ஆட்டம். திரையின் ஒரு மூலையில் சின்னச் சின்ன எண்கள் ஓடிக்கொண்டிருந்தன. 58, 61, 97, 83. ஸ்கோர் என்று நினைத்து, "97 அடிச்சிட்டியா?" என்றேன்.

"இல்ல தாத்தா, அது ஓவர்லே."

"அப்படின்னா?"

அவன் ஆட்டத்தை நிறுத்தவில்லை. ஆல்ட் விசையையும் இசட் விசையையும் சேர்த்து அமுக்கினான். ஆட்டம் பின்னால் அப்படியே இருக்க, அதன் மேல் ஒரு பட்டியல் வந்து நின்றது. "ஆட்டத்தை விட்டு வெளிய போகாமலே, அதுக்கு மேல இன்னொரு ஸ்கிரீன். வேணும்னா தெரியும், வேணாம்னா போயிடும்" என்றான்.

எனக்கு உடனே விளங்கிவிட்டது. நான் காரைக்காலில் பிரெஞ்சு வழியில் படித்தவன் என்று முன்பே எழுதியிருக்கிறேன். பூகோள வகுப்பில் 'பப்பியே கால்க்' என்ற தாளைக் கொடுப்பார்கள். பின்னால் இருப்பது தெரிகிற மெல்லிய தாள். பிரான்சு தேசத்துப் படத்தின் மேல் அதைப் போட்டு ஆறுகளை வரைய வேண்டும். தாளை எடுத்துவிட்டால் கீழே உள்ள படம் அப்படியே இருக்கும், ஒரு கோடுகூட விழுந்திருக்காது. பிற்பாடு வருவாய்த் துறையில் குமாஸ்தாவாக இருந்தபோதும் புலப்படத்தின் மேல் டிரேசிங் தாளைப் போட்டு உட்பிரிவுக் கோடு வரைவதைப் பல முறை பார்த்திருக்கிறேன். "டிரேசிங் தாள்தானேடா இது?" என்றேன். "கிட்டத்தட்ட அதான் தாத்தா" என்றான். அன்று முதல் அவன் எனக்கு வாத்தியார்.

அந்த எண்களை ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொடுத்தான். ஆல்ட் விசையோடு ஆர் விசையை அமுக்கினால் அவை தெரியும், மறுபடி அமுக்கினால் மறையும். 61 என்பது எஃப்.பி.எஸ். 97 என்பது அட்டை தன் திறனில் எத்தனை விழுக்காடு உழைக்கிறது என்பது. 83 என்பது அட்டையின் வெப்பம், செல்சியஸ் கணக்கில். நம் ஊர் மே மாதத்தைப் பற்றி உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. கூடத்தில் மின்விசிறியே அனல் காற்றை வீசும்போது அந்தப் பெட்டிக்குள் என்ன பாடாக இருக்கும்! வெப்பம் அளவுக்கு மிஞ்சினால் அட்டை தன்னைக் காப்பாற்றிக்கொள்ளத் தானே வேகத்தைக் குறைத்துக்கொள்ளுமாம். உடனே எஃப்.பி.எஸ். இறங்கும். பெட்டியைத் திறக்கச் சொன்னேன். விசிறியில் நம் ஊர்ச் செம்மண் புழுதி விரல் பருமனுக்கு அப்பியிருந்தது. மின்சாரத்தை நிறுத்திவிட்டு, என் பழைய பெயிண்ட் பிரஷால் தட்டி எடுத்தோம். சுவரை ஒட்டி இருந்த பெட்டியை ஒரு முழம் முன்னால் இழுத்து வைத்தோம். மறுநாள் அதே நேரம், அதே ஆட்டத்தில் 83 என்பது 75 ஆகியிருந்தது. அந்த எண் இல்லாவிட்டால் நான் இதை நம்பியிருக்க மாட்டேன்.

இன்னொரு எண்ணும் எனக்குப் பிடித்துப்போனது. சராசரி எஃப்.பி.எஸ். நன்றாக இருந்தும் ஆட்டம் சில சமயம் திக்கித் திக்கி ஓடும். அதற்காக, மிக மெதுவாக வந்த ஒரு விழுக்காட்டுப் படங்களின் வேகத்தை மட்டும் தனியே காட்டும் எண் ஒன்று இருக்கிறது. வருவாய்த் துறையில் இருந்தவர்களுக்கு இது உடனே புரியும். மாவட்டச் சராசரி மழை நன்றாகத்தான் இருக்கும். ஆனால் ஒரு ஃபிர்க்காவில் மட்டும் கண்மாய் வறண்டு கிடக்கும். சராசரியை மட்டும் பார்த்துவிட்டு எல்லாம் சுகம் என்று அறிக்கை அனுப்பினால் அந்த ஃபிர்க்கா ஜனங்கள் நம்மை வாழ்த்துவார்களா?

ஆனால் இந்தத் தாளுக்கும் ஒரு செலவு உண்டு. மேலே போடும் எதுவும் இலவசம் இல்லை. என்விடியா நிறுவனம் தன் பழைய மென்பொருளான ஜிஃபோர்ஸ் எக்ஸ்பீரியன்ஸுக்குப் பதிலாக 2024 நவம்பரில் புதிய செயலி ஒன்றைக் கொண்டுவந்தது. அடுத்த மாதமே, அந்த ஓவர்லேயில் உள்ள 'கேம் ஃபில்டர்' என்ற வசதி, யாரும் அதைப் பயன்படுத்தாமல் சும்மா இருந்தால்கூடச் சில ஆட்டங்களின் வேகத்தை 15 விழுக்காடு வரை குறைக்கிறது என்று சோதித்தவர்கள் எழுதினார்கள். அந்த வசதியை அணைத்துவைக்கும் வழியை நிறுவனமே சொன்னது. பேரன் இதைச் சொன்னபோது எனக்குச் சிரிப்பு வந்தது. எங்கள் அலுவலகத்தில் ஒவ்வொரு குமாஸ்தாவுக்கும் தன்பதிவேடு உண்டு. அதற்கு மேல் நிலுவைப் பட்டியல், அதற்கு மேல் வாராந்திர அறிக்கை. சில வாரங்களில் வேலை எவ்வளவு பாக்கி என்று எழுதுவதற்கே அரை நாள் போய்விடும். அந்த அரை நாளும் பாக்கியில்தான் சேரும். பதிவேடு வேண்டும்தான். ஆனால் எப்போதும் திறந்தே வைத்திருக்கக் கூடாது. ஓவர்லேக்கும் அதே விதி என்று பேரனிடம் சொன்னேன். வெப்பம் சரியாக இருக்கிறதா என்று பார்த்துவிட்டு எண்களை மறைத்துவிட்டு ஆடு என்றேன். கேட்டுக்கொண்டான்.

இனி அந்த இன்ஸ்டன்ட் ரீப்ளே விஷயத்துக்கு வருகிறேன். எல்லாம் அதனால் வந்ததுதான்.

கிரிக்கெட் பார்க்கிறவர்களுக்கு ரீப்ளே புதிதல்ல. 1992 நவம்பரில் டர்பன் மைதானத்தில், டி.வி. ரீப்ளேயைப் பார்த்து மூன்றாம் நடுவர் முதன்முதலாக ஒருவரை அவுட் கொடுத்தார். அந்த ஒருவர் நம் டெண்டுல்கர். ரன் அவுட். அன்று எங்கள் தெருவில் பலருக்குச் சாப்பாடு இறங்கவில்லை. அதே வேலையைத்தான் இந்த ஓவர்லேயும் செய்கிறது. இன்ஸ்டன்ட் ரீப்ளேயை இயக்கி வைத்துவிட்டால், ஆட்டம் ஓடும்போதெல்லாம் பின்னணியில் பதிவு நடந்துகொண்டே இருக்கும். கடைசி ஐந்து நிமிடத்தை மட்டும் வைத்துக்கொண்டு பழையதை அழித்துக்கொண்டே வரும், கரும்பலகையில் எழுதி எழுதி அழிப்பது போல. அந்த ஐந்து நிமிடத்தை நாம் கூட்டலாம், குறைக்கலாம். ஒரு நல்ல சிக்ஸர் அடித்துவிட்டால் உடனே ஆல்ட் விசையோடு எஃப் 10-ஐ அமுக்க வேண்டும். நடந்து முடிந்த அந்த ஐந்து நிமிடம் அப்படியே கோப்பாகச் சேமிக்கப்படும். 2013-இல் ஷேடோபிளே என்ற பெயரில் இது வந்தது. பதிவு செய்வதற்கென்றே அட்டைக்குள் தனிப் பகுதி இருப்பதால், பதிவால் ஆட்டத்தின் வேகம் அவ்வளவாகக் குறைவதில்லை.

பேரன் அதில் ஒரு படி மேலே போனான். மேசை மேல் ஒரு சின்ன மைக்கை வாங்கி வைத்தான். ஆடிக்கொண்டே தமிழில் வர்ணனை சொல்வான். அது என்னிடம் இருந்து போனதுதான். அவன் சிறு பிள்ளையாக இருந்தபோது, வானொலியில் அப்துல் ஜப்பார் வர்ணனை செய்வது போல நான் பேசிக்காட்டுவேன். அவன் விழுந்து விழுந்து சிரிப்பான். வளர்ந்த பிறகு அவனே அந்தக் குரலில் பேச ஆரம்பித்தான். ரீப்ளே கோப்புகளை வெட்டி ஒட்டி, வர்ணனையோடு நண்பர்களுக்கு அனுப்புவான். கூடத்தில் அவன் குரல் கேட்டுக்கொண்டே இருக்கும். எனக்குக் காது கொஞ்சம் மந்தம். அந்தக் குரல் மட்டும் நன்றாகக் கேட்கும்.

போன வருஷம் மே மாதம் பிளஸ் டூ முடிவு வந்தது. மதிப்பெண் சுமார்தான். திருச்சியில் விஸ்காம் படிக்க வேண்டும், எடிட்டிங் கற்றுக்கொள்ள வேண்டும் என்றான். வீட்டில் பேச்சு நடந்தது. கடைசியில் உள்ளூரிலேயே பி.காம். சேர்ந்தான். அவன் எதிர்த்து ஒரு வார்த்தை பேசவில்லை. சம்மதம் என்றுதான் நான் எடுத்துக்கொண்டேன்.

ஆகஸ்ட் மாதம் என்னையும் ஆடச் சொன்னான். துப்பாக்கி ஆட்டமெல்லாம் எனக்கு ஆகாது. கிரிக்கெட்டில் பந்து வருவதற்கு முன்பே மட்டையைச் சுற்றிவிடுகிறேன். "உங்களுக்குன்னே ஒண்ணு இருக்கு தாத்தா" என்று 'வெண்பா' என்ற ஆட்டத்தைப் போட்டுக் கொடுத்தான். கனடாவில் டொரண்டோ நகரில் உள்ள விசை கேம்ஸ் என்ற சிறு நிறுவனம் செய்தது. 2023 ஜூலை கடைசியில் வந்தது. 1980-களில் கணவரோடு கனடாவுக்குக் குடிபோன வெண்பா என்ற தமிழ்ப் பெண்ணின் கதை. அம்மா கொடுத்த சமையல் குறிப்பேடு கிழிந்தும் அழிந்தும் போயிருக்கிறது. விட்டுப்போனதை யோசித்து, சரியான வரிசையில் நாம் சமைக்க வேண்டும். முதல் பாடம் இட்லி. நான் தோற்றுப்போனேன். பின்னால் நின்ற என் மனைவி, "ஐம்பது வருஷம் சாப்பிட்டும் இட்லி எப்படி ஊத்துறதுன்னு தெரியலையே" என்றாள். அவள் சொல்லச் சொல்ல இட்லி வெந்தது.

அந்த இட்லியைப் படம் எடுக்க வேண்டும் என்று தோன்றியது. ஆல்ட் விசையோடு எஃப் 1. எடுத்தாயிற்று. அதை எங்கே பார்ப்பது? ஓவர்லேயைத் திறந்தால் கேலரி என்று ஒன்று இருக்கிறது. எடுத்த படங்களும் பதிவுகளும் ஆட்டத்தின் பெயர் வாரியாக, தேதியோடு அங்கே அடுக்கப்பட்டிருக்கும். பேரன் கல்லூரிக்குப் போயிருந்தான். நானே திறந்தேன். என் இட்லி இருந்தது. பக்கத்தில் கிரிக்கெட் பதிவுகள் வரிசையாக இருந்தன. அவன் வர்ணனையைக் கேட்டு ரொம்ப நாளாயிற்றே என்று மே மாதத்துப் பதிவு ஒன்றைத் தட்டினேன்.

ஆட்டம் ஓடியது. பேரன், "பந்து எல்லைக் கோட்டை நோக்கி" என்று ஆரம்பித்தான். அவன் குரலுக்குப் பின்னால் இன்னொரு குரல் கேட்டது. சத்தமான குரல். என் குரல்.

மகனோடு போனில் பேசிக்கொண்டிருக்கிறேன். காது மந்தமானவன் போனில் பேசினால் தெருவுக்கே கேட்கும் என்று உங்களுக்குத் தெரியும். "இவன் தேற மாட்டான்டா. பகல் பூரா இந்தப் பொட்டி முன்னாலதான் கெடக்கான். விஸ்காமாம், எடிட்டிங்காம். கெணத்துல போடுற காசு. பேசாம இங்கயே ஏதாவது ஒரு டிகிரில தள்ளிவிடு. நீ அங்க வெயில்ல நின்னு சம்பாதிக்கிறது இவனுக்குத் தெரியுமா?" இன்னும் சில வார்த்தைகள். அவற்றை இங்கே எழுத மனம் வரவில்லை.

எனக்கு அந்த நாள் நினைவுக்கு வந்தது. அவன் காதில் ஹெட்போன் மாட்டியிருந்தான். அவனுக்குக் கேட்காது என்ற தைரியத்தில், நான்கு முழத் தூரத்தில் ஈஸி சேரில் உட்கார்ந்துகொண்டு பேசினேன். அவனுக்குக் கேட்கவும் இல்லை. மைக்குக்குக் கேட்டது. அவன் சிக்ஸர் அடித்துவிட்டு எஃப் 10-ஐ அமுக்கியிருக்கிறான். சிக்ஸரோடு நானும் பதிவாகிவிட்டேன். கருவியின் மேல் ஒரு குற்றமும் இல்லை. மைக்கை இயக்கி வைத்தவன் அவன். வாயைத் திறந்தவன் நான்.

ஒருவேளை அவன் இதைக் கேட்டிருக்க மாட்டானோ என்ற நப்பாசையில் அடுத்த பதிவைத் தட்டினேன். அது ஒரு வாரம் கழித்து எடுத்தது. ஆட்டத்தின் சத்தம் மட்டும்தான் இருந்தது. வர்ணனை இல்லை. அதற்கு அடுத்ததிலும் இல்லை. ஜூன் இல்லை, ஜூலை இல்லை. ஓவர்லேயில் மைக் இருக்கும் இடத்தைப் பார்த்தேன். அணைக்கப்பட்டிருந்தது. அப்போதுதான் எனக்கு உறைத்தது. கூடத்தில் அவன் குரல் கேட்டு மூன்று மாதம் ஆகியிருந்தது. பையன் கல்லூரிக்குப் போனதும் அடங்கிவிட்டான், பொறுப்பு வந்துவிட்டது என்று மகனிடம் பெருமையாகச் சொல்லியிருந்தேன்.

இன்னும் ஒன்று. எல்லாம் தெரிந்த பிறகுதான் அவன் எனக்கு 'வெண்பா'வைப் போட்டுக் கொடுத்தான். பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்து, எந்த விசை எங்கே என்று ஒரே கேள்வியை நான் பத்து முறை கேட்டபோதும் முகம் சுளிக்காமல் சொன்னான்.

அன்று மதியம் எனக்குத் தூக்கம் இல்லை. அந்தப் பதிவை அழித்துவிடலாமா என்று ஒரு கணம் தோன்றியதை மறைக்க விரும்பவில்லை. இரண்டு தட்டுத் தட்டினால் போய்விடும். ஆனால் நான் முப்பத்து ஐந்து வருஷம் கோப்போடு குடித்தனம் செய்தவன். நம் அலுவலகக் குறிப்புக் கோப்பில் ஒருமுறை எழுதிக் கையெழுத்துப் போட்டுவிட்டால், அந்தத் தாளைக் கிழிக்கக் கூடாது, அதன் மேல் மை பூசக் கூடாது. தவறாக எழுதிவிட்டோம் என்று தெரிந்தால் அதற்குக் கீழே, அன்றைய தேதி போட்டு, 'முன் குறிப்பு சரியல்ல, காரணம் இது' என்று இன்னொரு குறிப்பு எழுத வேண்டும். முதல் குறிப்பும் இருக்கும், இரண்டாவதும் இருக்கும். படிப்பவர் இரண்டையும் படிப்பார். இளம் குமாஸ்தாக்களுக்கு இதைச் சொல்லிக்கொடுத்தவனே நான்தான்.

மறுநாள் அவன் கல்லூரிக்குப் போன பிறகு 'வெண்பா'வைத் திறந்தேன். ஓவர்லேயில் மைக்கை இயக்கினேன். ஆல்ட் விசையோடு எஃப் 9-ஐ அமுக்கினால் பதிவு தொடங்கும், மறுபடி அமுக்கினால் நிற்கும். இட்லித் தட்டைத் திரையில் வைத்துக்கொண்டு பேசினேன். என்ன பேசினேன் என்று முழுவதும் எழுதப் போவதில்லை. மே மாதம் நான் சொன்னது தப்பு என்று சொன்னேன். பெட்டி முன்னால் அவன் உட்கார்ந்திருந்ததை மட்டும் பார்த்தேன், அங்கே உட்கார்ந்து என்ன செய்தான் என்று ஒரு நாளும் போய்ப் பார்க்கவில்லை என்று சொன்னேன். அந்த எண்களை எல்லாம் எனக்கு அவன் விளக்கியபோதுதான் அவனுக்கு எவ்வளவு தெரியும் என்று எனக்குத் தெரிந்தது என்றும் சொன்னேன். அதை முன்னாடியே கேட்டிருக்க வேண்டும். கேட்காமல் குறிப்பு எழுதிவிட்டேன். பதிவு மூன்று நிமிடத்துக்குக் கொஞ்சம் கூடுதலாக இருந்தது. கேலரியில் அது தானாகவே இட்லிக்குப் பக்கத்தில் போய் உட்கார்ந்துகொண்டது.

அன்று இரவே மகனுக்குப் போன் செய்தேன். இந்த முறை மொட்டை மாடிக்குப் போகவில்லை. கூடத்திலேயே, எல்லோருக்கும் கேட்கும்படி பேசினேன். விஸ்காம் விஷயத்தில் நான் அவசரப்பட்டுவிட்டேன், பையனிடம் நீயே நேரடியாகக் கேள் என்றேன். அவன் கேட்டான். பேரன், "சேர்ந்தாச்சுல்லப்பா, பி.காம். முடிச்சிடுறேன். எடிட்டிங் தனியா கத்துக்கிறேன்" என்று சொல்லிவிட்டான். திருச்சிக்குச் சனிக்கிழமைகளில் போய்வரும் செலவு என் பென்ஷனில் இருந்து என்று முடிவாயிற்று. போன வருஷம் போனதுதான். அதை யாராலும் திருப்பித் தர முடியாது. ஐந்து நிமிடத்துக்கு வேண்டுமானால் ரீப்ளே உண்டு.

என் பதிவை அவன் கேட்டானா? நான் கேட்கவில்லை, அவனும் சொல்லவில்லை. மூன்று நாள் கழித்துக் காலையில் காபி குடிக்கும்போது, "தாத்தா, மைக்கை ஆன் பண்ணிட்டு அப்படியே விட்டுட்டீங்க. பாட்டி பால்காரர்கிட்ட சண்டை போட்டதெல்லாம் ரெக்கார்டு ஆகியிருக்கு" என்றான். சிரித்துக்கொண்டேதான் சொன்னான். "அணைச்சிட்டியா?" என்றேன். "இல்ல, இருக்கட்டும்" என்றான்.

அந்த ஞாயிற்றுக்கிழமை பின்கட்டில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தேன். கூடத்தில் இருந்து ஒரு குரல் கேட்டது. பந்து எல்லைக் கோட்டை நோக்கி விரைந்துகொண்டிருந்தது. கையில் இருந்த துண்டைக் கொடியில் போடாமல் கொஞ்ச நேரம் அப்படியே நின்றேன்.

உங்கள் வீட்டிலும் பேரனோ பேத்தியோ இப்படி ஒரு பெட்டி வைத்திருந்தால் இரண்டு விஷயங்களை நினைவில் வையுங்கள். ஒன்று, பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்து அந்த மூலையில் ஓடும் எண்களுக்கு என்ன அர்த்தம் என்று கேளுங்கள். பிள்ளைகள் சந்தோஷமாகச் சொல்வார்கள். கோடை காலத்தில் வெப்ப எண்ணையும் பாருங்கள், விசிறியின் தூசியைத் தட்டச் சொல்லுங்கள். இரண்டு, இன்ஸ்டன்ட் ரீப்ளேயும் மைக்கும் இயங்குகின்றனவா என்று தெரிந்துகொள்ளுங்கள். வீட்டு விஷயம் பேசும்போது மைக்கை அணைக்கச் சொல்லலாம். அதைவிட நல்லது, பிள்ளை கேட்டாலும் பரவாயில்லை என்கிற மாதிரி பேசுவது. எனக்கு அது எழுபத்தைந்தில்தான் தெரிந்தது.

'வெண்பா'வில் அடுத்தது புட்டு. அதிலும் தோற்றுக்கொண்டிருக்கிறேன். அதைப் பற்றிப் பிறகு எழுதுகிறேன்.